அவசரக்கார மருமோனும் ஆறுதலாய் வேகிற மாடும்

தம்பி, ஞாயிற்றுக்கிழமை மாமியாரைக் கூப்பிட்டு வீட்டிலை பூட்டின், அதுதான் கிழங்குப் பொரியலுக்கு மேலை சீஸ் கட்டியும் குழம்பும் போடுற கியூபெக் சாப்பாடு, செய்து குடுக்கப் போறியாம் எண்டு கேள்விப்பட்டன். நல்ல விசயம். ஸ்காபரோவிலை இடியப்பமும் கொத்துரொட்டியும் முக்குக்கு முக்கு விக்கிறபடியால் அவவுக்கும் அலுத்துப் போயிருக்கும். அதுகும் சும்மா பூட்டின் இல்லையாம், எட்டு மணித்தியாலம் வேகவைச்ச மாட்டிறைச்சி போட்ட பூட்டினாம். தேத்தண்ணிக்குக் கேத்தில் கொதிக்குமட்டும் நிக்கப் பொறுமையில்லாமல் மைக்ரோவேவிலை தண்ணி சுடவைக்கிற பெடியன் நீ. எட்டு மணித்தியாலம் எண்ட சொல் உன்ர வாயிலை வந்ததே எனக்குப் பெரிய புளுகம்.

கொம்மாவுக்கு நான் ஒண்டும் சொல்லமாட்டன், பயப்பிடாதை. நீ இன்னும் வெள்ளிக்கிழமையிலை மரக்கறி எண்டு அவ நம்பிக்கொண்டிருக்கிறா. நம்பட்டும். ஊரிலை எங்கட நாம்பன் ஏர் இழுத்தது, சூடு மிதிச்சது, பட்டிப்பொங்கலுக்குப் பொட்டு வைச்சுக் கும்பிட்டனாங்கள். அதைச் சட்டிக்குள்ளை வைக்கலாம் எண்ட யோசினை ஒருத்தருக்கும் வரேல்லை. மொன்றியாலுக்கு வந்து ஒரு சாப்பாட்டுக் கடைக் குசினியிலை கிழங்கு சீவ நிண்ட காலத்திலைதான் மாட்டுக்கு இப்பிடியும் ஒரு உத்தியோகம் இருக்கெண்டு கண்டுகொண்டன். கிழங்கு எனக்குப் புதுசில்லை. எழுபதுகளிலை சிறிமாவோ அரசாங்கம் கிழங்கு, வெங்காயம், மிளகாய் எல்லாம் வெளியிலையிருந்து வாறதை மறிச்ச நேரம், செம்பாட்டு மண்ணிலை கிழங்கு போட்டுக் கல்வீடு கட்டினவை கனபேர். எனக்குக் கல்வீடு கிடைக்கேல்லை. கிழங்கின்ர குணம் மட்டும் கொஞ்சம் பிடிபட்டுது.

உந்தப் பூட்டின் பெரிய கோட்டல் சமையல்காரர் யோசிச்சுக் கண்டுபிடிச்சதில்லை. மொன்றியாலுக்கும் கியூபெக் சிற்றிக்கும் நடுவிலை பால்மாட்டுப் பண்ணை ஊர்கள் இருக்குது, சீஸ் செய்யிற இடங்களுக்குக் குறைவில்லை. 1957இலை வார்விக் எண்ட சின்ன ஊரிலை பெர்னான் லாஷான்ஸ் எண்டவற்றை கடைக்கு வந்த ஒருத்தர், கிழங்குப் பொரியலையும் சீஸ் கட்டியையும் ஒரே பைக்குள்ளை போட்டுத் தா எண்டு கேட்டாராம். குழம்பு பிறகுதான் வந்து சேர்ந்தது. இல்லையில்லை, மூண்டையும் ஒண்டாய்ச் சேர்த்து வித்தது நாங்கள்தான், 1964இலை எண்டு ட்ரம்மண்ட்வில்லிலை ‘ல றுவா ஜூசெப்’ கடைக்காரர் நிக்கினம். ஊர்க் கோயில் வழக்குகளைக் கண்டவனுக்கு உதெல்லாம் புதினமில்லை, இது இன்னும் ரெண்டு தலைமுறைக்கு ஓடும். 2022இலை உக்ரேன் சண்டை தொடங்கேக்கை ஒரு பகிடி நடந்தது. பிரெஞ்சிலை ரஷ்யத் தலைவற்றை பேரையும் இந்தச் சாப்பாட்டின்ர பேரையும் ஒரே மாதிரித்தான் எழுதுவினம். அதாலை அதே ஜூசெப் கடை, அந்தப் பேரே வேண்டாமெண்டு கொஞ்ச நாளைக்குத் தள்ளி வைச்சுது. எத்தினை வருசமாய்ப் பேருக்குச் சண்டை பிடிச்சவை ஒரே நாளிலை பேரைக் கைவிட்டினம், பொரியலைக் கைவிடேல்லை. வியாபாரம் தெரிஞ்ச ஆக்கள்.

முந்தி இதைச் சொல்லித்தான் கியூபெக் ஆக்களைப் பகிடி பண்ணுவினம், எண்ணெய்ச் சாப்பாடு, ஏழைச் சாப்பாடு எண்டு. 2001இலை மொன்றியாலிலை மார்ட்டின் பிக்கார் எண்டவர் ‘ஓ பியே து கொஷோன்’ கடையைத் துறந்து, அதுக்கு மேலை வாத்து ஈரலை வைச்சார். விலையும் மரியாதையும் சேர்ந்து ஏறிச்சுது. 2016இலை ஒபாமா ட்ரூடோவுக்கு வெள்ளை மாளிகையிலை வைச்ச விருந்திலையும் ஒரு வாய் அளவுக்குப் பூட்டின் பரிமாறினவை. இப்ப உன்ர மாமிக்கு விருந்து. படிப்படியாய்த்தான் உயருது.

சரி, மாட்டுக்கு வருவம். நீ ஜிம்முக்குப் போற ஆள், கடைக்குள்ளை போனவுடனை கொழுப்பில்லாத, சிவந்த, வடிவான துண்டைத்தான் கை நீட்டிக் காட்டுவாய். வாங்கு. எட்டு மணித்தியாலம் வேகவை. பேந்து அதாலை கயிறு திரிக்கலாம். பூட்டினுக்கு எண்டால் தோள்ப்பக்கத்து இறைச்சி வேணும். உன்ர பக்கத்திலை ‘சக்’ எண்டு கேள், இஞ்சை ‘பலெட்’ எண்டு சொல்லுவினம். மாடு நடந்து உழைச்ச இடம் அது, வெள்ளை நார் ஓடியிருக்கும், விலையும் குறைவு. அந்த நாரிலைதான் சங்கதி இருக்கு. எழுபது பாகை செல்சியசுக்கு மேலை சூடு ஆறுதலாய் நிக்க நிக்க அது கரைஞ்சு பசையாகி, பாதி இறைச்சிக்குள்ளையும் பாதி குழம்புக்குள்ளையும் இறங்கும். எலும்போடை ஒரு கால் துண்டும் சேர்த்துப் போட்டியெண்டால் குழம்பு உதட்டிலை ஒட்டும். மூண்டு இறாத்தல் இறைச்சி ஆறு பேருக்குக் காணும். மச்சான்மாரும் வருகினமெண்டால் நாலு இறாத்தலாய் எடு, அவங்கள் ‘எனக்கு வேண்டாம்’ எண்டு சொல்லித்தான் தொடங்குவாங்கள்.

முதல்நாள் இரவே உப்புப் பிரட்டி, மூடாமல் பிரிட்ஜிலை வை. காலமை எடுத்துக் கடதாசியாலை ஈரத்தை ஒத்து. ஈரத்தோடை தாச்சியிலை போட்டால் இறைச்சி பொரியாது, அவியும். கனமான இரும்புத் தாச்சி, கொஞ்ச எண்ணெய், நல்ல நெருப்பு. துண்டுக்குத் துண்டு இடைவெளி விட்டு வைச்சிட்டுக் கையைக் கட்டிக்கொண்டு நில். முதல்லை சத்தம் பெரிசாய்க் கேக்கும், அது தண்ணி போற சத்தம். பிறகு அது மெல்லக் குறைஞ்சு, காய்ஞ்ச பொரியல் சத்தமாய் மாறும். அப்ப இடுக்கியாலை ஒரு மூலையைக் கிளப்பிப் பார். ஒட்டிக்கொண்டிருந்தால் இன்னும் ஆகேல்லை, இழுபறிப்படாதை. ஆகின துண்டு தானாய்க் கழண்டு வரும், அடியிலை வறுத்த கோப்பிக்கொட்டை நிறம் பிடிச்சிருக்கும். நீ அதுக்கிடையிலை நாலு தரம் பிரட்டுவாய் எண்டு எனக்குத் தெரியும். பிரட்டு மோனை. சாம்பல் நிறத்திலை அவிஞ்ச இறைச்சி தின்னுற ஆக்களும் உலகத்திலை இருக்கினம்தானே, உன்ர மாமியும் ஒருநாள் பழகிக்கொள்ளுவா.

இறைச்சியை எடுத்தவுடனை தாச்சியைக் கொண்டோடிப்போய்க் கழுவிப்போடாதை. அடியிலை பிடிச்சிருக்கிற கருஞ்சிவப்புத்தான் உன்ர குழம்பின்ர நிறமும் வாசமும். மூண்டு வெங்காயம் அரிஞ்சு அதிலையே போட்டு நல்லாய் நிறம் மாறுமட்டும் வதக்கு. நாலு பல்லு உள்ளி, ஒரு மேசைக்கரண்டி தக்காளிப் பசை. பிறகு கறுப்பு பியர் ஒரு போத்தல் ஊத்தி அகப்பையாலை சுரண்டு. பியர் எண்டால் மாமி முகம் சுளிப்பா எண்டால் அதின்ர அளவுக்கு மாட்டெலும்புச் சூப்பை விடு. பாதியை நீ குடிச்சிட்டு மிச்சத்தைச் சட்டிக்கு விடலாம் எண்டு யோசிக்கிறாய். சட்டி கணக்குக் கேக்காது, உன்ர மனிசி கேப்பாள்.

இனி உன்ர மின்சாரச் சட்டி. ஏதோ நேற்றுக் கண்டுபிடிச்ச சாமானெண்டு நாலு பக்கத்தாலையும் படம் எடுத்து அனுப்பினாய். இர்விங் நாக்சன் எண்ட அமெரிக்கர் 1940இலையே அதுக்குக் காப்புரிமை எடுத்திட்டார். அவற்றை வீட்டுப் பெண்டுகள் சொன்ன கதையிலையிருந்து வந்த யோசினை அது. லிதுவேனியாவிலை யூத ஆக்கள் ஓய்வுநாளிலை அடுப்பு மூட்டமாட்டினம். அதாலை வெள்ளிக்கிழமை பின்னேரமே சட்டியைக் கொண்டுபோய் பேக்கரிப் போறணைக்குள்ளை வைச்சிடுவினம். மிச்சச் சூட்டிலை இரவிரவாய் அது தன்ர பாட்டிலை வெந்து கிடக்கும். ‘க்ரொக் பொட்’ எண்ட பேரிலை உது கடைக்கு வந்தது 1971இலை. நான் அப்ப ஊரிலை கிழங்குக்குத் தண்ணி மாறிக்கொண்டிருந்தனான், ஒருத்தரும் எனக்குச் சொல்லேல்லை.

குறைஞ்ச சூட்டிலை எட்டு மணித்தியாலம் விடு. தண்ணி வத்திறதுக்கு அதுக்குள்ளை வழியில்லை, அதாலை பியருக்கு மேலை ரெண்டு கோப்பைச் சூப்புக் காணும், இறைச்சி முழுக்கத் தாழத் தேவையில்லை. ரெண்டு பே இலை, ஒரு தைம் கொப்பு, இடிச்ச மிளகு. உறைஞ்ச இறைச்சியைக் கல்லுப்போலை தூக்கிப் போட்டிடாதை. சூடு ஏறுறதுக்கு முந்திக் கிருமி பந்திக்கு இருந்து எழும்பிடும். மூடியைத் திறக்காதை. ஒருக்காத் திறந்து மணந்து பார்த்தால் போன சூடு திரும்பி வரக் கனநேரம் எடுக்கும். கண்ணாடி மூடிதானே, வெளியிலை நிண்டு பார், டிவியிலை போற நாடகங்களுக்கு இது எவ்வளவோ மேல். மூண்டாம் மணித்தியாலத்திலை களவாய் ஒரு துண்டு எடுத்துக் கடிப்பாய், றப்பராய் இழுக்கும். உடனை எனக்குப் போன் எடுத்து ‘பெரியப்பா, கெட்டுப்போச்சு’ எண்டு கத்துவாய். கெடேல்லை. முதல்லை இறுகிப் பேந்து இளகுறதுதான் அதின்ர சுபாவம், நார் கரையிறது கடைசியிலைதான். அதுசரி, மூடியைத் திறக்காமல் துண்டு எப்பிடிக் கையிலை வந்தது? மின்சாரச் சட்டி இல்லாத ஆக்கள் கனமான சட்டியிலை மூடி, 150 பாகை செல்சியஸ் ஓவனிலை மூண்டரை மணித்தியாலம் வைச்சால் அதே சங்கதிதான்.

இதையெல்லாம் சனிக்கிழமையே முடிச்சுப்போடு. இறைச்சியைக் கிழிச்சு ஒரு பக்கம் வை, சாறை வடிச்சு இரவு குளிரிலை வை. விடிய மேலை கொழுப்பு மூடியாய்க் கட்டியிருக்கும். நீ அதைக் கண்டவுடனை குப்பைக்கு எறிஞ்சிட்டு, ஆரோக்கியத்தைப் பற்றி எனக்கு ஒரு பிரசங்கம் வைப்பாய். எறியாதை. அதிலை நாலு மேசைக்கரண்டியை உருக்கி, அதேயளவு கோதம்பமா போட்டு, கபில நிறம் வருமட்டும் கிண்டு. மூண்டு கோப்பைச் சாறைக் கொஞ்சம் கொஞ்சமாய் விட்டுக் கரை, கொதிக்கட்டும். கடைசியிலை ஒரு தேக்கரண்டி அப்பிள் வினாகிரி, மிளகு கொஞ்சம் கூட. கரண்டியின்ர முதுகிலை பூசி விரலாலை ஒரு கோடு இழுத்தால் கோடு நிக்கவேணும். எங்கட ஆக்கள் குழம்பு எண்டவுடனை சோத்துக்கு விடுற கணக்கிலை ஓடவிடுவினம். அப்பிடி விட்டால் பொரியல் நீந்தப் பழகிடும்.

இந்த இடத்திலைதான் உன்ர கை தன்னையறியாமல் மிளகாய்த்தூள்ப் பேணிக்குப் போகும். நான் மறிக்கேல்லை. ரொறன்ரோவிலை பட்டர் சிக்கன் ஊத்தியும் பூட்டின் விக்கினம், ஆரும் பொலிசைக் கூப்பிடேல்லை. எண்டாலும் யாழ்ப்பாணத் தூள் போட்டால் சீஸின்ர பால்வாசம் எங்கையோ ஓடிப்போய் ஒளிச்சிடும். பேந்து நீ செய்தது இறைச்சிக் கறியும் கிழங்குப் பொரியலும், அதைத்தான் மாமி தன்ர வீட்டிலை உன்னைவிட வடிவாய்ச் செய்வா. அவவின்ர வயலுக்குள்ளை போய் அவவோடை மோதாதை. மிளகோடை நில்.

மாமி மாடு தொடமாட்டா எண்டு கடைசி நேரத்திலை தெரிஞ்சுதெண்டால் மயங்கி விழாதை. கோழிச்சூப்பிலை குழம்பு வைச்சு, கிழிச்ச கோழியும் பச்சைப் பட்டாணியும் போட்டுக் குடு. கியூபெக்கிலை அதுக்கும் பேர் இருக்கு, ‘கல்வோட்’. குழம்பு வைக்கவே ஏலாது எண்டால் சென்ற்-ஊபெர் பேணிக்குழம்பு இருக்கு. 1951இலை மொன்றியாலிலை கோழிக்கடையாய்த் தொடங்கினவை. பேணியைத் துறந்தனீ எண்டு ஒருத்தருக்கும் சொல்லாதை, பேணியைக் குப்பைக்கு அடியிலை வை.

கிழங்கு றசெற் வகை எடு, மாப்பிடிப்பு உள்ளது. வாங்கி வந்து பிரிட்ஜிலை வைச்சிடாதை. குளிரிலை கிழங்கின்ர மா சீனியாய் மாறும், அதைப் பொரிச்சால் உள் வேக முந்தி வெளி கறுத்துப்போகும். ஒரு சென்றிமீற்றர் தடிப்பிலை வெட்டி, பச்சைத்தண்ணியிலை அரை மணித்தியாலம் ஊறவிட்டு, துணியாலை ஈரம் போகத் துடை. முதல் தரம் 160 பாகை எண்ணெயிலை அஞ்சாறு நிமிசம், நிறம் மாறக்கூடாது, உள் வெந்தால் காணும். எடுத்து ஆறவிடு. சாப்பிடுற நேரம் 190 பாகையிலை ரெண்டு மூண்டு நிமிசம், அதிலைதான் மொறுமொறுப்பு வரும். சட்டியிலை பாதிக்கு மேலை எண்ணெய் விடாதை. தப்பித்தவறி எண்ணெய் தீப்பிடிச்சால் அடுப்பை நிப்பாட்டி மூடியாலை மூடு, தண்ணி ஊத்தினால் மாமியோடை சேர்ந்து வீடும் போகும்.

கடைசியாய்ச் சீஸ். இதிலைதான் உன்னைப்போலை அவசரக்காரருக்கு நல்ல காலம் இருக்கு. இறைச்சிக்குப் பொறுமை வேணும், சீஸுக்குப் பொறுமையே கூடாது. நீ பிரிட்ஜிலை இருக்கிற மொசரெல்லாத் துருவலை எடுத்துத் தூவலாம் எண்டு கணக்குப் போட்டிருப்பாய். அது உருகி, இழுபட்டு, மாமியின்ர நாடியிலை தொங்கும். பூட்டினுக்கு வேண்டியது செடார் செய்யேக்கை, அச்சிலை போட்டு அழுத்துறதுக்கு முந்தி எடுக்கிற புதுக் கட்டி. கியூபெக்கிலை அண்டைக்குச் செய்ததைப் பிரிட்ஜுக்கு வெளியிலை, காசு குடுக்கிற மேசைக்குப் பக்கத்திலையே வைச்சு விப்பினம். வாங்கின ஆள் காருக்குப் போக முந்தியே பை பாதி முடிஞ்சிடும். ஒண்டை எடுத்துக் கடிச்சுப் பார். பல்லுக்கிடையிலை கீச்செண்டு கத்தவேணும், மழையிலை நனைஞ்ச செருப்போடை சீமெந்துத் தரையிலை நடக்கிற அதே சத்தம். பால்ப் புரதம் கல்சியத்தோடை பின்னி இறுக்கமாய் நிக்கிறபடியால்தான் அது கத்துது. நேரம் போகப் போகப் புளிப்பு அந்தப் பின்னலை இளக்கிடும், பேந்து எவ்வளவு கடிச்சாலும் வாய் திறக்காது.

உன்ர பக்கத்திலை எண்டால் கிழக்கு ஒன்ராறியோவிலை சென்ற்-அல்பேர்ட் கூட்டுறவுக்காரர் 1894இலையிருந்து சீஸ் செய்யினம், அவையின்ர கட்டி நல்லது. எந்தக் கடையிலை எண்டாலும் ஞாயிறு காலமை போய், எப்ப வந்தது எண்டு கேட்டு வாங்கு. ஆளுக்கு நூறு கிராம் கணக்கு வை, வழியிலை நீ தின்னப்போறதுக்கு வேறையாய் இருநூறு. பழசு மட்டும்தான் கிடைச்சுதெண்டால் மைக்ரோவேவிலை ஒரு சில செக்கன் வைச்சு எடு, கொஞ்சம் சத்தம் திரும்பும். உந்தப் பெட்டிக்கும் ஒரு வேலை குடுத்த மாதிரி இருக்கும். சமைக்கிறதுக்கு ஒரு மணித்தியாலம் முந்திச் சீஸை வெளியிலை எடுத்து வை. குளிர்ச்சீஸ் எண்டால் குழம்பின்ர சூட்டைக் குடிச்சிடும், எல்லாம் பச்சைத்தண்ணியாய் நிக்கும்.

இப்ப ஆக்களைக் கதிரையிலை இருத்து. பொரிச்சு முடிச்சிட்டு ‘வாங்கோ, வாங்கோ’ எண்டு கூப்பிட்டால் எங்கட சனம் கைகழுவி, சாமி கும்பிட்டு, ரெலிபோன் கதைச்சு வர அரை மணித்தியாலம். முதல்லை இருத்திப்போட்டு ரெண்டாந்தரம் பொரி. சூடாக்கின கோப்பையிலை பாதிப் பொரியல், பாதிச் சீஸ், மேலை மிச்சப் பொரியல், மிச்சச் சீஸ், குழம்பிலை ஒரு பிரட்டுப் பிரட்டின இறைச்சி. கொதிக்கக் கொதிக்கக் குழம்பை நடுவிலை ஊத்து. சீஸ் ஓரத்திலை இளகவேணும், நடுவிலை கட்டியாய் நிக்கவேணும், ஓரத்துப் பொரியல் நாலு மொறுமொறுப்பாய் மிஞ்சவேணும். அந்த நிலை அஞ்சு நிமிசத்துக்குத்தான். அந்த அஞ்சு நிமிசத்தையும் நீ படம் எடுக்கப் பாவிப்பாய். எடு, வடிவாய் எடு. சாப்பாடு ஆறினாலும் படம் சூடாய் இருக்கும்.

மிச்ச இறைச்சியைத் திங்கக்கிழமை றோஸ் பாணுக்குள்ளை வைச்சு வேலைக்குக் கொண்டுபோ. மிச்சப் பூட்டினை வைக்காதை, சூடாக்கினால் களியாய்ப் போகும், மச்சான்மாருக்கு அண்டைக்கே தள்ளிவிடு. பொரிச்ச எண்ணெயை ஆறவிட்டு வடிச்சுப் போத்தலிலை விடு. சிங்குக்குள்ளை ஊத்தினியெண்டால் குழாய் அடைக்கும், ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் குழாய்க்காரனைக் கூப்பிட்டால் அவன் கேக்கிற காசுக்கு நீ ஒரு மாட்டையே முழுசாய் வாங்கியிருக்கலாம்.